கண்ணாடிக்குப் பின்னால் மூன்று பேர்

அறைக்குள் நுழைந்ததும் தோர்கில்ஸ் முதலில் பார்த்தது அந்தப் பெண்ணை அல்ல. அவளுக்குப் பின்னால் பாதிச் சுவரை அடைத்துக்கொண்டிருந்த கண்ணாடியைத்தான். கையில் கம்பளித் தொப்பியோடு ஒரு பெரிய மீசைக்காரன் அதற்குள்ளிருந்து முறைத்துக்கொண்டிருந்தான். அது தன் முகம்தான் என்று புரிய ஒரு கணம் பிடித்தது.

"வாங்க, உக்காருங்க. காப்பி இருக்கு," என்றாள் அந்தப் பெண். பெயர் ஹெர்போர்க். குட்டை முடி, மூக்கின் பாதிக்கு இறங்கிய கண்ணாடி, காலில் கம்பளிச் செருப்பு. ஏதோ சொந்தக்கார வீட்டுக்கு வந்தவர்களை வரவேற்பது போலப் பேசினாள். அதுவே அவனுக்குப் பிடிக்கவில்லை.

"அது எதுக்கு?" என்று கண்ணாடியைக் காட்டினான்.

"அதுக்குப் பின்னாடி ஒரு அறை இருக்கு. என்கூட வேலை பாக்கிறவங்க மூணு பேர் அங்க உக்காந்திருக்காங்க. அங்கருந்து பாத்தா அவங்களுக்கு நாம தெரிவோம், நாம பேசுறது கேக்கும். என் கண்ணுல படாதது ஏதாவது அவங்க கண்ணுல பட்டா, இதோ இந்த ஃபோன்ல கூப்பிட்டுச் சொல்லுவாங்க. வேணும்னா இப்பவே வரச் சொல்றேன், கை குடுத்துட்டுப் போகட்டும்."

"இங்க வந்து கை குடுக்கிறவங்களும் அங்க உக்காந்து கேக்கிறவங்களும் ஒரே ஆளுங்கதான்னு எனக்கு எப்படித் தெரியும்?"

ஹெர்போர்க் சிரிக்கவில்லை. "தெரியாதுதான்," என்றாள்.

மனைவி ரன்வெய் அவன் சட்டைக் கையைப் பிடித்து இழுத்தாள். "உக்காரு தோர்கில்ஸ். மானத்த வாங்காத." மகள் ஈடுன் எதுவும் சொல்லவில்லை. அவள் எதுவும் சொல்லாததால்தான் அவர்கள் அங்கே வந்திருந்தார்கள்.

ஈடுனுக்குப் பதினான்கு வயது. ஆகஸ்டில் பள்ளி திறந்த வாரம் வயிற்று வலி என்று படுத்தாள். வயிற்று வலி போனது, கூடவே பேச்சும் போனது. முதலில் பதில்கள் சுருங்கின. அப்புறம் தலையசைப்பு மட்டும். செப்டம்பர் முடிவதற்குள் அம்மாவிடம்கூட ஒரு வார்த்தை இல்லை. பள்ளிக்கும் போகவில்லை. வீட்டில் சமையலறை ஜன்னலோரம் உட்கார்ந்து பாசிமணி கோர்ப்பாள், ரேடியோ கேட்பாள், அம்மா எந்த அறைக்குப் போனாலும் பின்னாலேயே போவாள். தீவில் இருந்த டாக்டர் தொண்டையைப் பார்த்தார், காதைப் பார்த்தார், ரத்தம் எடுத்து அனுப்பினார். ஒரு குறையும் இல்லை.

"அக்கரையில குடும்ப ஆலோசனை நிலையம்னு புதுசா ஆரம்பிச்சிருக்காங்க," என்றார் அவர். "மூணு பேரையும் ஒண்ணா உக்கார வெச்சுப் பேசுவாங்க. போய்ப் பாருங்களேன்."

"வாய மூடிக்கிட்டது அவ. எங்க ரெண்டு பேர எதுக்குப் பாக்கணும்?"

"ஒரே வீட்டுலதான இருக்கீங்க," என்றார் டாக்டர்.

தோர்கில்ஸ் இந்தப் பதிலைக் கடலுக்குக் கொண்டுபோய் வலை இழுக்கும்போதெல்லாம் புரட்டிப் பார்த்தான். அவனுடைய சித்தப்பா மகன் ஒருவன் இப்படித்தான் மனைவியோடு ஆலோசனைக்கு என்று நல்ல கோட்டு போட்டுக்கொண்டு போனான். அடுத்த கோடைக்குள் வீடு அவளுக்கு, படகுக் கொட்டகை இவனுக்கு என்று முடிந்தது. ஆலோசனை சொல்பவர்கள் யார் பக்கம் என்று போவதற்கு முன்பே முடிவாகியிருக்கும் என்பது அவன் எண்ணம். போகிறவர்களில் ஒருவருக்குத்தான் அது தெரியாது.

அவன் சந்தேகத்துக்கு வேறொரு காரணமும் இருந்தது. அதை யாரிடமும் சொன்னதில்லை. மே மாதத்தில் இயந்திரம் மக்கர் செய்து, சொன்ன நாளுக்கு முன்பே கரை திரும்பினான். படுக்கையறையில் காலுறை தேடிக் குனிந்தபோது கட்டிலுக்கு அடியில் நீலப் பெட்டி தெரிந்தது. பரணில் கிடக்க வேண்டிய பயணப் பெட்டி. தொட்டு இழுத்தால் கனம் தெரிந்துவிடும் என்று தொடாமலே எழுந்து வந்தான். ரன்வெய்யிடம் கேட்கவில்லை. கேட்டால் பதில் வந்துவிடும். அன்றிலிருந்து அவளைக் கவனிக்கத் தொடங்கினான். நடையில் நின்று தங்கையோடு தொலைபேசியில் பேசுகிறவள், இவன் பூட்ஸ் சத்தம் கேட்டதும் "சரி, அப்புறம் பேசுறேன்" என்று வைப்பதைக் கவனித்தான். தபால் நிலைய வேலை முடிந்து வீடு வர முன்பைவிட நேரமாவதைக் கவனித்தான். அவள் சும்மா ஜன்னலுக்கு வெளியே பார்ப்பதையும் கவனித்தான். அவள் முன்னெல்லாம் அப்படிப் பார்ப்பாளா என்பது அவனுக்கு ஞாபகம் இல்லை.

அன்று அந்த அறையில் ஹெர்போர்க் கேட்ட கேள்விகள் எல்லாமே குறுக்கு வழியில் வந்தன. ஒருவரைப் பற்றி இன்னொருவரைக் கேட்டாள்.

"தோர்கில்ஸ், ஈடுன் பேசாம இருக்கிறது ரன்வெய்க்கு எப்படி இருக்கும்னு நினைக்கிறீங்க?"

"பக்கத்துலதான உக்காந்திருக்கா. அவளையே கேளுங்க."

"அவங்களையும் கேப்பேன். நீங்க என்ன நினைக்கிறீங்கன்னு தெரிஞ்சுக்கலாம்னு."

சுங்கக்காரர்கள் செய்வது இதுதான் என்று நினைத்தான். இரண்டு பேரைத் தனித்தனியே கேட்டு, எங்கே இடிக்கிறது என்று பார்ப்பார்கள். "கஷ்டமாத்தான் இருக்கும்," என்று மட்டும் சொன்னான்.

சுவரில் இருந்த தொலைபேசி மணி அடித்தது. ஹெர்போர்க் எடுத்துக் கேட்டு, வைத்தாள். "உள்ள இருக்கிறவங்க ஒண்ணு கேக்கிறாங்க. நாளைக்குக் காலையில ஈடுன் எழுந்து மளமளன்னு பேச ஆரம்பிச்சுட்டான்னு வெச்சுக்குவோம். வீட்டுல யாருக்கு ரொம்பப் பயமா இருக்கும்?"

"பயமா? சந்தோஷம்னு சொல்லுங்க," என்றான் தோர்கில்ஸ்.

"பயம்னுதான் கேட்டாங்க."

ரன்வெய் காப்பிக் கோப்பைக்குள் பார்த்தாள். அவள் கழுத்து சிவந்தது. ஈடுன் தன் ஜாக்கெட்டின் ஜிப்பைத் தாடை வரைக்கும் இழுத்துவிட்டாள். தோர்கில்ஸ் மனைவியின் கழுத்தைப் பார்த்தான், மகளைப் பார்க்கவில்லை. அந்தக் கேள்வி எங்கிருந்து வந்திருக்கும்? முன்பின் தெரியாத யாரோ மூன்று பேருக்கு இப்படியொரு கேள்வி எப்படித் தோன்றும்? ரன்வெய் முன்கூட்டியே வந்து எல்லாம் சொல்லி வைத்திருக்கிறாள்.

தீவுக்குத் திரும்பும் ஃபெரிப் படகில் அவளிடம் கேட்டான். "நீ இதுக்கு முன்னாடி இங்க வந்திருக்கியா?"

"எதுக்கு வரப்போறேன்?"

"சும்மா கேட்டேன்."

"சும்மா கேக்கிற மொகம் இல்ல அது," என்றாள் ரன்வெய். பிறகு ஈடுனுக்கு ஒரு வாஃபிள் வாங்க உணவு மேசைப் பக்கம் போனாள். ஈடுன் எழுந்து அவள் பின்னாலேயே போனாள்.

எங்கள் ஹாவ்னெஸ் போன்ற சின்னத் தீவில் எதையும் ஒளிக்க முடியாது. அதுவும் எங்கள் ஊரில் ஃபெரியில் ஏறினாலே எங்கே போகிறாய் என்று நாலு பேர் கேட்பார்கள், கேட்காத நாலு பேர் யூகிப்பார்கள். அடுத்த வாரமே மீன் வாங்கும் வியாபாரி அர்ன்ஃபின் தராசுக்குப் பக்கத்தில் நின்றுகொண்டு கிண்டல் செய்தான்.

"என்னப்பா, கண்ணாடி முன்னாடி உக்காந்து பவுடர் போட்டுக்கிறியாமே?"

"யாரு சொன்னா?"

"ஊரே சொல்லுது. என் மச்சினிச்சிகூட அங்க போயிட்டு வந்தா. பின்னாடி ஆளு ஒளிஞ்சிருப்பாங்களாம்ல? எனக்கா இருந்தா நாக்கத் துருத்திக் காட்டிட்டு வந்திருப்பேன்."

சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். தோர்கில்ஸும் மீசைக்குள் சிரித்து வைத்தான். ஆனால் வீட்டுக்கு நடக்கும்போது அவன் மனது கண்ணாடிக்குப் பின்னால் இருந்த அந்த இருட்டறையிலேயே இருந்தது. மூன்று பேர். அக்கரை ஊர் பெரிதுதான், ஆனால் அங்கே வேலை பார்ப்பவர்களில் பாதிப் பேருக்கு எங்கள் தீவில் அத்தையோ மாமனோ உண்டு. தான் சொல்வது யார் சாப்பாட்டு மேசைக்குப் போகிறது? ரன்வெய்க்குத் தெரிந்த யாராவது அங்கே இருந்தால்? யாராவது ஒரு ஆண் இருந்தால்?

இரண்டாம் தடவை போனபோது அவன் வாயைத் திறக்கவே இல்லை. கேட்டதற்கெல்லாம் "ம்," "இருக்கலாம்," "தெரியாது" என்றான். வீட்டிலும் அதுவே பழக்கமானது. வேகவைத்த மீனும் உருளைக்கிழங்கும் மேசையில் ஆவி பறக்கும், மூன்று முள்கரண்டிகள் தட்டில் உரசும் சத்தம் மட்டும் கேட்கும். பேசாத பெண்ணைப் பேசவைக்கப் போய், பேசாதவர்கள் மூன்று பேராகிவிட்டார்கள் என்று ரன்வெய் தங்கையிடம் தொலைபேசியில் சொன்னாள். பூட்ஸ் சத்தம் கேட்டதும் வைத்துவிட்டாள்.

நவம்பரில், சூரியன் மலைக்கு மேலே தலைகாட்டாத நாட்கள் ஆரம்பித்தபோது, தோர்கில்ஸுக்கு அந்த யோசனை வந்தது. ஒரு பொய்யை அந்த அறையில் மட்டும் சொல்ல வேண்டும். வேறெங்கும் மூச்சு விடக்கூடாது. அப்புறம் அது ஊருக்குள் எந்தக் கதவு வழியாக வருகிறது என்று பார்க்க வேண்டும். தூண்டில் போடுவது அவனுக்குத் தெரிந்த வேலைதான்.

மூன்றாம் தடவை ஹெர்போர்க் வழக்கம்போல ஆரம்பித்தாள். "போன தடவைக்கு அப்புறம் ஏதாவது மாறியிருக்கா?"

"மாறியிருக்கு," என்றான் தோர்கில்ஸ். கண்ணாடியை நேராகப் பார்த்தான். "நான் படக விக்கப் போறேன். அர்ன்ஃபினுக்கு. கிறிஸ்துமஸுக்குள்ள முடிஞ்சிடும். அதுக்கப்புறம் கப்பல் பட்டறையில வேலைக்குச் சேர்ந்துடுவேன். தினமும் சாயங்காலம் வீட்டுல இருப்பேன்."

ரன்வெய்யின் கையில் கோப்பை பாதி வழியில் நின்றது. "என்ன சொல்ற? எப்ப முடிவு பண்ண?"

"பண்ணிட்டேன்."

"என்கிட்ட ஒரு வார்த்த சொல்லாமயா?"

"இப்பதான் சொல்றேன்ல."

ஈடுன் தலையை நிமிர்த்தினாள். அந்த அறைக்கு வர ஆரம்பித்ததிலிருந்து முதல் தடவையாக அப்பாவின் முகத்தை நேராகப் பார்த்தாள். அவன் அப்போதும் கண்ணாடியைத்தான் பார்த்துக்கொண்டிருந்தான்.

"இது யாருக்கு நல்ல சேதி, யாருக்குக் கஷ்டமான சேதி?" என்று ஹெர்போர்க் கேட்டாள். ரன்வெய் கோப்பையைக் கீழே வைத்தாள். அன்று தொலைபேசியும் அடிக்கவில்லை.

வீட்டில் ரன்வெய் மறுபடி பேச்செடுத்தாள். "அந்தப் படகு இல்லாம நீ என்ன பண்ணுவ? ரெண்டு நாள் கரையில இருந்தாலே கூண்டுல அடைச்ச மாதிரி நடப்ப." அவன், "பாப்போம்" என்றான். அவள் தங்கையிடம் தொலைபேசியில் பேசினால் தூண்டில் கெட்டுவிடுமே என்று கவலைப்பட்டான். அதனால், "இத இப்போதைக்கு யாருகிட்டயும் சொல்லாத. உன் தங்கச்சிகிட்டகூட," என்றான். "நான் ஏன் சொல்லப்போறேன்?" என்றாள் அவள். அவள் சொல்ல மாட்டாள் என்று அவனுக்குத் தெரிந்தது. இந்த விஷயத்தில் மட்டும் அவளை நம்பினான். ஈடுனைப் பற்றி நினைக்கவே இல்லை. பேசாத பிள்ளை யாரிடம் போய் என்ன சொல்லும்?

அந்த வாரம் முடிவதற்குள் தூண்டிலில் மீன் விழுந்தது. தோர்கில்ஸ் படகுத்துறையில் கயிற்றைச் சுருட்டிக்கொண்டிருந்தபோது அர்ன்ஃபின் பைப்பைக் கடித்தபடி வந்து நின்று, படகை மூக்கிலிருந்து வால்வரை பார்த்தான். மாட்டுச் சந்தையில் மாடு பார்ப்பது போலப் பார்த்தான்.

"விக்கிறதா இருந்தா நேரா என்கிட்டயே சொல்லியிருக்கலாம்ல? நான் என்ன கடிச்சா வெச்சிருவேன்?"

தோர்கில்ஸின் கை நின்றது. "யாரு சொன்னா?"

"அத விடு. விக்கிறியா இல்லியா?"

"யாரு சொன்னான்னு கேட்டேன்."

அர்ன்ஃபின் முகத்தில் இருந்த கிண்டல் மறைந்தது. "அது மட்டும் கேக்காத. சொல்ல மாட்டேன்னு கையடிச்சுக் குடுத்திருக்கேன்," என்றான்.

தோர்கில்ஸுக்கு உள்ளுக்குள் ஏதோ ஜெயித்தது போல இருந்தது. தான் நினைத்தது சரி. அந்த இருட்டறையில் ஓட்டை இருக்கிறது. ஒரு ஓட்டை இருந்தால் மற்ற எல்லாமும் உண்மைதான். தொலைபேசி, நேரம் கழித்து வருவது, பெட்டி, எல்லாமே. ரன்வெய்யிடம் எதுவும் காட்டிக்கொள்ளவில்லை. அடுத்த சந்திப்புக்கு அவனே முதல் ஆளாக ஃபெரியில் ஏறினான்.

அறைக்குள் போனவன் உட்காரவில்லை. நேராகக் கண்ணாடியிடம் போய், இரண்டு கைகளையும் கண்ணோரம் குவித்து, நெற்றியை அதில் அழுத்தி உள்ளே எட்டிப் பார்த்தான். தன் மூச்சு படிந்த புகைதான் தெரிந்தது. கையால் ஓங்கித் தட்டினான்.

"வெளிய வாங்க! மூணு பேரும்!"

"தோர்கில்ஸ்!" என்று ரன்வெய் கத்தினாள்.

"நீ சும்மா இரு. நான் படக விக்கப் போறேன்னு இங்கதான் சொன்னேன். இங்க மட்டும்தான் சொன்னேன். அர்ன்ஃபின் வந்து வெலை பேசுறான். எப்படி? இங்க இருக்கிற யாரோ போய்ச் சொல்லியிருக்காங்க. நான் வேணும்னேதான் சொன்னேன், யாரு வாய் ஓட்டைன்னு பாக்கிறதுக்கு. அது பொய். படக விக்கிற யோசனையே எனக்கு இல்ல."

ஹெர்போர்க்கின் முகம் வெளிறியது. அவள் சாக்குச் சொல்வாள், சத்தியம் செய்வாள் என்று அவன் எதிர்பார்த்தான். அவள் இரண்டும் செய்யவில்லை.

"எங்கள்ல யாராவது சொல்லியிருந்தா, அது ரொம்பப் பெரிய தப்பு. நாங்க இந்த வேலைய விட்டுட்டுப் போகணும்," என்றாள். "நீங்க கேக்கிறது நியாயம்தான். நீங்க அவங்களப் பாக்கணும். வெளிய வரச் சொல்லலாம். இல்லன்னா வேற ஒண்ணு பண்ணலாம். இந்த அறையில விளக்க அணைச்சுட்டு, அங்க விளக்கப் போட்டா, கண்ணாடி திரும்பிக்கும். உங்களுக்கு அவங்க தெரிவாங்க, அவங்களுக்கு நீங்க தெரிய மாட்டீங்க. அவங்க பேசுறத நீங்க உக்காந்து கேக்கலாம். நீங்க என்ன சொல்றீங்க?"

"போடுங்க," என்றான் தோர்கில்ஸ்.

அவள் ரன்வெய்யையும் பார்த்தாள். ரன்வெய் தலையசைத்தாள். ஈடுனைப் பார்த்தாள். ஈடுன் அசையவில்லை, ஆனால் மறுக்கவும் இல்லை. ஹெர்போர்க் தொலைபேசியில் ஏதோ சொல்லிவிட்டுச் சுவரிலிருந்த விசையை அழுத்தினாள்.

அவர்கள் இருட்டில் உட்கார்ந்திருந்தார்கள். எதிரே மஞ்சள் வெளிச்சத்தில் ஒரு சின்ன அறை தெரிந்தது. மடக்கு நாற்காலிகள், ஒரு மேசை, அதன்மேல் பழுப்புப் பாலாடைக்கட்டி வைத்த பாதி கடித்த ரொட்டி. முழங்கை தேய்ந்த ஸ்வெட்டரில் வயதான ஒருவர். தாடி வைத்த ஓர் இளைஞர். மடியில் பின்னல் ஊசிகளோடு கர்ப்பிணிப் பெண் ஒருத்தி. மூன்று பேரும் திடீரென்று மேடையில் தள்ளப்பட்டவர்கள் போலக் கூசிக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள்.

தோர்கில்ஸ் ஒவ்வொரு முகமாகப் பார்த்தான். ஒருவரையும் தெரியவில்லை. ரன்வெய்யின் முகத்தைப் பார்க்க முயன்றான். இருட்டில் அதுவும் தெரியவில்லை.

ஒலிபெருக்கியில் வயதானவரின் குரல் வந்தது. தெற்கத்திக்காரர் என்பது பேச்சிலேயே தெரிந்தது. "அவரோட இடத்துல நான் இருந்தா, நானும் சந்தேகப்பட்டிருப்பேன். முகம் தெரியாதவங்க முன்னாடி குடும்ப விஷயத்தப் பேசுன்னா எப்படிப் பேசுறது? இத்தன நாளும் இப்படி ஒளிஞ்சு உக்காந்திருந்தமேன்னு இப்ப எனக்கே ஒரு மாதிரி இருக்கு."

"நான் வெளிய எதுவும் சொல்லல," என்றார் தாடிக்காரர். "ஆனா அவர் அத நம்பணும்னு கட்டாயம் இல்ல. எனக்கு வேற ஒண்ணு தோணுது. போன தடவ அவர் படகு பத்திச் சொன்னப்ப நான் அவரப் பாக்கல. அந்தப் பொண்ணத்தான் பாத்தேன். சட்டுனு நிமிர்ந்தா. அது பயமா, சந்தோஷமான்னு இன்னும் எனக்குப் புரியல."

"நானும் அவளத்தான் பாத்தேன்," என்றாள் கர்ப்பிணிப் பெண். "அம்மா எழுந்தா எழுந்திருக்கா, உக்காந்தா உக்காருறா. அவ ஏதோ காவல் காக்கிற மாதிரி இருக்கு. எதுன்னு தெரியல. காவல் இருக்கிறவங்களுக்குப் பள்ளிக்கூடம் போக நேரம் இருக்காதுல்ல? பாவம், ரொம்பக் களைச்சுப் போயிருப்பா."

இருட்டில் ஒரு நாற்காலி கிறீச்சிட்டது.

"நான்தான்," என்றது ஒரு குரல்.

கரகரப்பான, பழக்கமில்லாத குரல். ஹெர்போர்க்கின் குரல் என்றுதான் தோர்கில்ஸ் முதலில் நினைத்தான். பக்கத்தில் ரன்வெய் மூச்சை உள்ளே இழுக்கும் சத்தம் கேட்டதும்தான் அவனுக்கு உறைத்தது.

"அர்ன்ஃபின்கிட்ட சொன்னது நான்தான். அவங்க இல்ல."

"ஈடுன்," என்றாள் ரன்வெய். "என் தங்கமே..."

"நீயா?" என்றான் தோர்கில்ஸ். "அவன்கிட்டப் போயி நீ என்ன சொன்ன?"

"சீக்கிரம் வாங்கிக்கோங்கன்னு. அப்பா மனச மாத்திக்கிறதுக்கு முன்னாடி வாங்கிக்கோங்கன்னு." குரல் உடைந்தது. "அப்ப நீ விக்கலயா? பொய்யா அது?"

கண்ணாடிக்கு அந்தப் பக்கம் மூன்று பேரும் பேச்சை நிறுத்தியிருந்தார்கள். இந்த அறையின் சத்தம் அவர்களுக்குக் கேட்டுக்கொண்டுதான் இருந்தது. கர்ப்பிணிப் பெண் ஊசிகளை மேசைமேல் வைத்தாள்.

"பொய்தான்," என்றான் தோர்கில்ஸ்.

"ஏன் விக்கணும்னு நீ ஆசப்பட்ட, ஈடுன்?" ஹெர்போர்க் மெதுவாகக் கேட்டாள். "விளக்கப் போடட்டுமா?"

"வேணாம். போடாதீங்க." ஈடுன் இருட்டிலேயே சொன்னாள்: "அப்பா கடலுக்குப் போனாத்தான் அம்மா பெட்டி அடுக்குவா. நீலப் பெட்டி. அடுக்குவா, அப்புறம் எல்லாத்தையும் எடுத்து வெளிய வெப்பா. நான் பாத்தேன். நான் வீட்டுல இருந்தா போக மாட்டா. பள்ளிக்கூடம் போயிட்டா..." நிறுத்தினாள். "வாயத் தொறந்தா அப்பாகிட்டச் சொல்லிடுவேன்னு பயமா இருந்துச்சு. சொன்னா சண்ட வரும். சண்ட வந்தா நெசமாவே போயிடுவா. அதனால எதையுமே பேசாம இருந்துட்டேன்."

ரன்வெய் அழுதாள். சத்தம் வராமல் அழப் பழகியவள். ஆனால் இருட்டில் அதைக்கூடக் கேட்க முடிந்தது.

தோர்கில்ஸின் தொண்டையில் அத்தனை மாதங்களாகக் கிடந்த கேள்வி தானாக வெளியே வந்தது. "யாரு அது, ரன்வெய்?"

"யாரு எது?"

"யாருகூடப் போறதுக்கு அடுக்கின?"

"யாரும் இல்ல தோர்கில்ஸ்!" அவள் அழுகையோடு சிரித்துவிட்டாள். அந்தச் சிரிப்பில் கோபம் இருந்தது. "யாராவது இருந்திருந்தா உனக்கு லேசா இருந்திருக்கும். அவனப் போய் அடிச்சுட்டு வந்திருப்ப. யாரும் இல்ல. தங்கச்சி வீட்டுல இருந்துகிட்டு நர்ஸ் படிப்ப முடிக்கலாமான்னு பாத்தேன். கல்யாணத்துக்காகப் பாதியில விட்டேனே, அது. போக முடியுமான்னு பாக்கிறதுக்குத்தான் அடுக்குவேன். அடுக்கினா மூச்சு விட முடியுது. அப்புறம் இவ மொகம் ஞாபகம் வரும், எடுத்து வெச்சிடுவேன்."

"என்கிட்டக் கேட்டிருக்கலாம்ல?"

"எப்பக் கேக்கிறது? நீ கரைக்கு வந்தாலும் கடல்லயேதான் இருக்க. மே மாசத்துலருந்து என்னத் திருடியப் பாக்கிற மாதிரி பாக்கிற. ஏன்னு நானும் கேக்கல, உனக்கு வேற யாராவது இருப்பாளோன்னு நெனச்சேன்."

"எனக்கா?" தோர்கில்ஸ் உண்மையிலேயே திகைத்துப்போனான். "எனக்கு யாரு வருவா?"

யாரோ மூக்கை உறிஞ்சினார்கள். அது அழுகையா சிரிப்பா என்று தெரியவில்லை. ஈடுன்தான்.

எதிர் அறையில் வயதானவர் கையைத் தூக்கினார், பள்ளியில் பையன்கள் தூக்குவது போல. "நாங்க இப்பப் போயிடவா? இல்ல இருக்கணுமா?" என்று கண்ணாடியைப் பார்த்துக் கேட்டார். தன் முகத்தைப் பார்த்துத்தான் கேட்டிருப்பார். ஹெர்போர்க் மற்றவர்கள் சொல்லட்டும் என்று காத்திருந்தாள்.

"அவங்க இருக்கட்டும்," என்றாள் ஈடுன்.

அன்று மாலை ஃபெரியில் எல்லாம் சரியாகிவிட்டது என்று சொன்னால் அது பொய். ரன்வெய்யும் தோர்கில்ஸும் மேல்தளத்தில் காற்றில் நின்று சண்டை போட்டார்கள். நான் அந்த ஃபெரியில்தான் இருந்தேன், பாதி ஊர் இருந்தது. மகளை உளவாளியாக்கிவிட்டாய் என்று அவன் சொன்னான். பெற்ற பிள்ளை கேட்க அப்படிப் பொய் சொல்லலாமா என்று அவள் கேட்டாள். ஒளிக்காமல், குரலைத் தாழ்த்தாமல் சண்டை போட்டார்கள். ஈடுன் உள்ளே ஜன்னலோரம் தனியாக உட்கார்ந்து இரண்டு வாஃபிள் சாப்பிட்டாள். எழுந்து போய் அவர்களைப் பார்க்கவில்லை.

மறுநாள் தோர்கில்ஸ் அர்ன்ஃபினிடம் போய், படகு விற்பனைக்கு இல்லை என்றான்.

"தெரியும்," என்றான் அர்ன்ஃபின். "ஆனா தோர்கில்ஸ், மாசக்கணக்கா வாயே தெறக்காத பொண்ணு என் கடைக்குள்ள வந்து நின்னு 'அர்ன்ஃபின்'னு என் பேரச் சொல்லிக் கூப்பிட்டப்ப, எனக்குக் கையில இருந்த கத்தி கீழ விழுந்துடுச்சு. அவ என்ன கேட்டிருந்தாலும் சரின்னு கையடிச்சிருப்பேன். அதான் உன்கிட்டச் சொல்லல."

"நல்லதுதான் பண்ண," என்றான் தோர்கில்ஸ். அப்படிச் சொல்ல அவனுக்குக் கொஞ்சம் சிரமமாக இருந்தது.

ஈடுன் பள்ளிக்கு உடனே போய்விடவில்லை. முதலில் அரை நாள் போனாள். மத்தியானம் வீட்டுக்கு ஓடி வந்து அம்மா இருக்கிறாளா என்று பார்த்தாள். பேச்சும் விட்டு விட்டுத்தான் வந்தது, அடைத்த குழாயில் தண்ணீர் வருவது போல. அதன் பிறகும் அவர்கள் தொடர்ந்து அக்கரைக்குப் போனார்கள். ஒவ்வொரு தடவையும் தோர்கில்ஸ் உட்காருவதற்கு முன்பு அந்தப் பின்னறைக் கதவைத் திறந்து, மூன்று பேர்தானா, அதே மூன்று பேர்தானா என்று பார்த்துவிட்டுத்தான் வருவான். கர்ப்பிணிப் பெண்ணுக்குப் பதில் ஒருநாள் வேறொருத்தி இருந்தபோது பெயர், ஊர், அப்பா பெயர் எல்லாம் விசாரித்தான். அவர்கள் கோபித்துக்கொள்ளவில்லை. பேச்சு முடிவதற்கு முன் விளக்கை மாற்றி, அவர்கள் பேசுவதை இவர்கள் கேட்பது அங்கே வழக்கமாகிவிட்டது. தன்னைப் பற்றி மற்றவர்கள் பேசுவதைக் கேட்கும்போது மறுத்துப் பேச வேண்டியதில்லை, அதனால்தான் காதில் விழுகிறது என்று தோர்கில்ஸ் ஒருமுறை சொன்னான்.

ஜனவரியில் ரன்வெய் தங்கை வீட்டுக்குப் போனாள். படகுத்துறையில் எல்லோரும் பார்க்க, பகலில், மகளிடமும் கணவனிடமும் சொல்லிவிட்டுப் போனாள். படிப்பு ஒன்றரை வருடம். விடுமுறைக்கு வருவாள். அதற்குப் பிறகு என்ன என்பதை அவள் சொல்லவில்லை. ஈடுன் கையசைத்துவிட்டு நேராகப் பள்ளிக்குப் போனாள். சாயங்காலம் வரை திரும்பி வரவில்லை. காவல் காக்க வீட்டில் இனி எதுவும் இல்லை.

கோட் மீன் கூட்டமாக வரும் காலத்தில் தோர்கில்ஸ் தூரம் போகவில்லை. அந்த வருடம் கரையோரமாகவே வலை போட்டு, கிடைத்ததோடு திரும்பினான். சமையலும் அவன்தான். ஈடுனுக்குக் குறை சொல்ல ஒவ்வொரு நாளும் ஏதாவது கிடைத்தது.

"அப்பா, இது உருளைக்கிழங்கா கல்லா?"

"வேக வெச்சது நான்தான். சாப்பிடு."

"அதான் தெரியுதே."

ஞாயிற்றுக்கிழமைகளில் ரன்வெய் கூப்பிடுவாள். முதலில் ஈடுன் பேசுவாள். பள்ளி, தோழிகள், கணக்கு வாத்தியாரின் இருமல், எல்லாம் சொல்லி முடித்து அப்பாவிடம் கொடுப்பாள். தோர்கில்ஸ் காற்று எந்தத் திசை என்பான், பனி எவ்வளவு என்பான், அப்புறம் ரிசீவரைப் பிடித்தபடி நிற்பான். பிப்ரவரியில் ஒரு ஞாயிறு, காற்றைப் பற்றிச் சொல்லி முடித்த பிறகும் அவன் ஃபோனை வைக்கவில்லை.

"ரன்வெய்."

"சொல்லு."

"படிப்பு முடிஞ்சதும் நீ வருவியா? இல்ல அங்கயே இருந்துடுவியா?"

மேசையில் பாடம் எழுதிக்கொண்டிருந்த ஈடுனின் பேனா நின்றது.

"எனக்கே தெரியல தோர்கில்ஸ்," என்றாள் ரன்வெய். "நெசமா தெரியல."

"சரி."

"கோவமா?"

"இல்ல. தெரியலன்னா தெரியலதான்." மீசையைத் தடவிக்கொண்டான். "அடுத்த வாரமும் கேப்பேன்."

"கேளு," என்றாள் அவள்.